ஃப்ரேமின் ஓரத்தில் ஒரு டெல்லிக்காரர்

'மைக்கேல் மதன காம ராஜன்' படத்தில் கல்யாணச் சாம்பாரில் மீன் விழும் காட்சியை மறந்தவர் யாராவது உண்டா? கமல் காமேஸ்வரனாகத் தவித்துக்கொண்டிருப்பார். பக்கத்திலேயே பாலக்காட்டு மணி ஐயராக இன்னொருவர் தவிப்பார். காமெடி பாதி அந்த முகத்தில்தான் இருக்கிறது. அவர்தான் டெல்லி கணேஷ்.

பெயரில் டெல்லி இருந்தாலும் மனிதர் சுத்தமான நெல்லைச் சீமைக்காரர். 1944-ல் வல்லநாட்டில் பிறந்தவர். 1964-ல் இந்திய விமானப் படையில் சேர்ந்து பத்து வருடம் வேலை பார்த்தார். அப்போது டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவின் நாடகங்களில் நடித்தார். 1974-ல் விமானப் படையை விட்டு வெளியே வந்தார். அரசாங்க உத்தியோகம் என்றால் பெண் கொடுக்கக் கியூவில் நின்ற காலம் அது! சென்னையில் காத்தாடி ராமமூர்த்தியின் நாடகங்கள், பிறகு 1977-ல் 'பட்டினப் பிரவேசம்'. கணேஷுக்கு முன்னால் டெல்லியைச் சேர்த்தது அந்தப் படத்தின் இயக்குநர் கே. பாலசந்தர்.

அதற்குப் பிறகு நானூறு படங்களுக்கு மேல். ஹீரோவுக்கு ஒரு படம் ஓடாவிட்டால் ஊரே பேசும். துணை நடிகருக்கு நூறு படம் ஓடினாலும் போஸ்டரில் முகம் வராது. "அந்த ஐயர் வேஷம் போடுவாரே, அவர்" என்றுதான் பாதிப் பேர் அடையாளம் சொல்வார்கள். 'நாயகன்' (1987) படத்தில் வேலு நாயக்கருக்காக ஹிந்தி பேசும் ஐயர், 'அவ்வை சண்முகி'யில் (1996) சேதுராம ஐயர் என்று அந்த வேஷங்கள் நிறைய வந்ததும் ஒரு காரணம்.

ஆனால் அவர் அது மட்டும் இல்லை. துரை இயக்கிய 'பசி' (1979) பாருங்கள். ஷோபாவின் அப்பாவாக, குப்பத்தில் ரிக்‌ஷா இழுப்பவராக வருவார். அதற்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது. 'அபூர்வ சகோதரர்கள்' (1989) படத்தில் அப்பு பழிவாங்கும் நான்கு வில்லன்களில் ஒருவர். 'சிந்து பைரவி'யில் (1985) குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வந்து அவமானப்படும் மிருதங்க வித்வான். அவரை விரட்டிய பாடகர் ஜேகேபியே பிற்பாதியில் குடியில் விழுகிறார். முதலில் அந்த மிருதங்கக்காரரின் அவமானம் நமக்கு உறைத்தால்தான் பாடகரின் வீழ்ச்சி உறைக்கும். துணை நடிகரின் வேலையே அதுதான். அடுத்தவர் கதை நிற்பதற்குத் தூண் போடுவது!

சினிமா வாய்ப்பு குறைந்தால் பல நடிகர்கள் வீட்டில் உட்கார்ந்துவிடுவார்கள். இவர் 'கஸ்தூரி', 'செல்லமே' என்று சீரியல்களுக்கு வந்தார். யூடியூப் காலத்தில், பேட்மேன் சென்னைக்காரராக இருந்தால் எப்படி இருக்கும் என்ற ஒரு நகைச்சுவை வீடியோவிலும் நடித்தார். இது பெரிய வேஷம், அது சின்ன வேஷம் என்ற கணக்கே கிடையாது போல.

கணக்கு ஒரே ஒரு இடத்தில் இருந்திருக்கலாம். 2016-ல் தன் மகன் மகாவை ஹீரோவாக வைத்து 'என்னுள் ஆயிரம்' படத்தைச் சொந்தமாகத் தயாரித்தார். நாற்பது வருடம் ஹீரோவுக்குப் பக்கத்தில் நின்றவர், தன் மகன் நடுவில் நிற்க வேண்டும் என்று ஆசைப்பட்டதில் என்ன தப்பு? படம் பெரிதாகப் போகவில்லை. அவர் மறுபடியும் வேஷம் கட்டப் போய்விட்டார். 'இந்தியன் 2' (2024) வரைக்கும்.

2024 நவம்பர் 9 அன்று, எண்பதாவது வயதில் சென்னையில் காலமானார். திரையுலகம் திரண்டு வந்து அஞ்சலி செலுத்தியது. கூடவே விமானப் படையினரும் சீருடையில் வந்து மரியாதை செய்தார்கள். அவர் அந்த வேலையை விட்டு ஐம்பது வருடம் ஆகியிருந்தது. அன்றைக்கு மட்டும் ஃப்ரேமின் நடுவில் வேறு யாரும் இல்லை.

அடுத்த முறை டிவியில் அந்தச் சாம்பார் காட்சி ஓடும்போது கமலைக் கொஞ்சம் விட்டுவிட்டுப் பக்கத்தில் நிற்பவரைப் பாருங்கள்.