ஆனந்திக்கு என்ன வயசு?

இலவச வண்ணத் தொலைக்காட்சிப் பெட்டி வந்த பிறகுதான் எங்கள் வீட்டுத் திண்ணையில் இருந்த பீடித்தட்டுகள் உள்ளறைக்கு நகர்ந்தன. கடையத்துக்குப் பக்கத்தில் சின்ன ஊர். ஆச்சி, அம்மா, எதிர்வீட்டுப் பெரியம்மை என்று நாலைந்து பேர் சுவரோரம் கால் நீட்டி உட்கார்ந்து இலை வெட்டுவார்கள், தூள் வைத்து உருட்டுவார்கள், நூல் கட்டுவார்கள். கண் திரையில் இருக்கும், விரல் தன்பாட்டுக்கு ஓடும். ராஜ் டிவியில் ‘மண் வாசனை’ ஓடும்போது மட்டும் அந்த விரல்கள் அடிக்கடி நின்றுபோகும்.

கலர்ஸ் சேனல் 2008 ஜூலையில் இந்தியில் தொடங்கிய ‘பாலிகா வது’தான் எங்களுக்கு ‘மண் வாசனை’யாக வந்தது. ராஜஸ்தானில் ஜெய்த்சர் என்றொரு கிராமம். படிப்பில் ஆசையுள்ள எட்டு வயது ஆனந்தியை, அவளைப் போலவே சிறுவனான ஜகதீஷுக்குக் கட்டிவைத்துவிடுகிறார்கள். வாய் ஒன்று அசையும், தமிழ் வேறொன்று பேசும். அதை யாரும் பொருட்படுத்தவில்லை. ஆனந்தி எங்கள் தெருப் பிள்ளை ஆகிவிட்டாள். நெற்றியில் உருண்டையாகத் தொங்கும் அணி, மூக்கில் வளையம், இழுத்துவிட்ட முக்காடு, அதற்குள்ளிருந்து எட்டிப் பார்க்கும் பெரிய கண்கள். பள்ளிக்கூடத்தில் மதிய இடைவேளையில் தாவணியைத் தலையில் போட்டுக்கொண்டு ஆனந்தியாக நடந்து காட்டாத சிறுமி எங்களில் இல்லை. மின்வெட்டு உச்சத்தில் இருந்த காலம் அது. பாதிக் கதையில் கரண்டு போனால், மீதியை மறுநாள் வேறு தெருக்காரிகளிடம் கேட்டுத்தான் நிரப்பிக்கொள்வோம்.

அந்தப் பிள்ளையின் நடிப்பை இன்று நினைத்தாலும் வியப்பாக இருக்கிறது. ஆனந்தியாக நடித்த அவிகா கோர், மும்பையில் ஒரு குஜராத்திக் குடும்பத்தில் 1997இல் பிறந்தவர். தொடர் தொடங்கியபோது வயது 11. அவருக்கு எதிரே, வீட்டை ஆட்டிவைக்கும் பாட்டியாக நின்றவர் சுரேகா சிக்ரி. தேசிய நாடகப் பள்ளியில் பயின்று மேடையில் தேர்ந்தவர். சிறந்த துணை நடிகைக்கான தேசிய விருதை மூன்று முறை வாங்கியவர். அவர் புருவத்தை உயர்த்தினாலே எங்கள் அறை அமைதியாகிவிடும். அப்படிப்பட்டவர் முன்னால் இந்தச் சிறுமி பயந்து ஒடுங்குவாள், அடுத்த நொடி ஏதோ கேள்வி கேட்டுவிட்டு விழிப்பாள். அழுகையைவிட அந்தக் கேள்விகள்தான் எங்களைப் பிடித்துவைத்தன. நாங்கள் வீட்டில் கேட்க நினைத்து விழுங்கிய கேள்விகள் அவை.

ஆனந்தியின் தோழி ஃபூலி சிறுவயதிலேயே விதவையாகும் கட்டம் வந்த இரவு, ஆச்சி தட்டைக் கீழே வைத்துவிட்டாள். கரண்டு போனது. அந்த இருட்டில்தான், அதுவரை நாங்கள் யாரும் கேள்விப்பட்டிராத அவளுடைய அக்காவைப் பற்றிப் பேசினாள். பாவாடை கட்டும் வயதில் வெள்ளைச் சேலைக்கு மாறிய அக்கா. பிறகு தன் கதையையும் சொன்னாள். சுதந்திரம் வந்து சில வருஷங்களில் நடந்த கல்யாணம், அவளுக்கு 12 வயது. பெண்ணின் திருமண வயது 15 என்று 1949லேயே சட்டம் திருத்தப்பட்டிருந்தது. 1978இல்தான் அது 18 ஆனது. ஆச்சிக்கு இந்தக் கணக்கெல்லாம் தெரியாது. தாலி கட்டும்போது தூக்கம் கண்ணைச் சொக்கியது என்பது மட்டும் நினைவிருந்தது.

இன்னொரு நாள் அவள் கேட்டாள்.

“ஏட்டி, நெசத்துல அந்தப் புள்ளைக்கு என்ன வயசு? தெனமும் டிவில வாரா, பள்ளிக்கூடத்துக்கு எப்பம் போவா?”

“லச்சக்கணக்குல சம்பளம் வரும்மா” என்றாள் அம்மா.

“யாரு கைக்கு?”

ஆச்சியின் கேள்விக்குப் பின்னால் அவளுடைய வாழ்க்கை இருந்தது. சிறுமியாக அவள் சுற்றிய பீடியெல்லாம் பெரியவர்கள் பேரில் இருந்த பாஸ்புக்கில்தான் ஏறியது. தன் உழைப்புக்குத் தன் பேரில் ஒரு வரிகூட இல்லை என்பது அவளுக்குக் கடைசிவரை ஆறாத மனக்குறை. அந்தக் கனத்த ஜரிகைப் பாவாடைக்குள், கதையில் வரும் ஆனந்தியைத் தாண்டி, வேலை செய்துகொண்டிருக்கும் ஒரு குழந்தையை எங்கள் அறையில் பார்த்தவள் அவள் ஒருத்திதான். மும்பையில் தினசரித் தொடர்களின் ஷிஃப்ட் பொதுவாக 12 மணி நேரம் என்று எனக்குத் தெரியவந்ததெல்லாம் வெகுகாலம் கழித்து.

2010இல் கதை சில வருஷங்கள் தாண்டியது. வளர்ந்த ஆனந்தியாகப் பிரத்யுஷா பானர்ஜி வந்தார். எங்களுக்கு மனசு ஒட்டவில்லை. பிறகு பாலிமரில் ‘மூன்று முடிச்சு’ ஓட, அதில் இரண்டு சகோதரிகளில் இளையவளாக அதே கண்கள்! அதன் இந்தி மூலமான ‘சசுரால் சிமர் கா’ 2011 ஏப்ரலில் தொடங்கியது. அப்போது அவிகாவுக்கு 14 வயது நிறையவில்லை. நடித்தது கல்யாண வயதுப் பெண்ணாக, பிறகு ஒரு பெரிய வீட்டின் மருமகளாக. சின்னப் பெண்ணை மணப்பெண் ஆக்காதே என்று தேசத்துக்கே சொன்ன சிறுமிக்கு, அடுத்த தொடரிலேயே மணக்கோலம். அந்தத் தொடரையும் ரசித்துத்தான் பார்த்தோம். இன்று அதை நினைத்தால் எனக்குக் கோபம் வருகிறது. அவர் மேல் துளியும் இல்லை; 2013இல் ‘உய்யால ஜம்பாலா’ மூலம் தெலுங்கில் கதாநாயகியாகித் தன் திறமையால் நின்றவர் அவர். அந்த வயதில் அவருக்கு அந்த வேடத்தைத் தரலாம் என்று முடிவெடுத்த பெரியவர்கள் மேல்தான் கோபம்.

குழந்தைத் தொழிலாளர் சட்டம் 2016இல் திருத்தப்பட்டு, 2017இல் விதிகள் வந்தன. நடிக்கும் குழந்தைக்கு நாளுக்கு 5 மணி நேரத்துக்கு மேல் வேலை கூடாது; ஓய்வில்லாமல் 3 மணி நேரத்தைத் தாண்டக்கூடாது; தொடர்ந்து 27 நாளுக்கு மேல் கூடாது. படப்பிடிப்புக்கு மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும். படிப்பு தடைபடக்கூடாது. சம்பளத்தில் குறைந்தது 20 சதவீதம் குழந்தையின் பேரிலேயே வங்கி வைப்புநிதியில் போய்ச் சேர வேண்டும். பள்ளிக்கூடம், சம்பளம் என்று ஆச்சி கேட்ட இரண்டு கேள்விகளுக்கும் காகிதத்திலாவது பதில் வந்துவிட்டது. அப்போது அவள் இல்லை.

படப்பிடிப்பில் குழந்தைகள் துன்புறுத்தப்படவில்லை, புறக்கணிக்கப்படவில்லை, சுரண்டப்படவில்லை என்ற அறிவிப்பைத் திரையில் காட்ட வேண்டும் என்பதும் அந்த விதிகளில் உண்டு. உங்கள் வீட்டில் ஓடும் தொடரில் ஒரு குழந்தை தினமும் வந்து அழுதால் அந்த அறிவிப்பைத் தேடுங்கள். இல்லையென்றால் சேனலுக்கு எழுதிக் கேளுங்கள். குழந்தை துன்பப்படுவதாகத் தெரியவந்தால் 1098க்கு அழையுங்கள்.