சாமை மாவில் ஆப்பிள் கிரம்பிள்: செங்கத்தில் சந்திக்கும் இரண்டு மலைகள்

திருவண்ணாமலையிலிருந்து கிருஷ்ணகிரி செல்லும் நெடுஞ்சாலையில் மேற்கே சுமார் 35 கிலோமீட்டர் போனால் செங்கம். வலக்கைப் பக்கம் ஜவ்வாது மலைத்தொடர் கூடவே வரும். அந்த மலையில் பிறந்த செய்யாறு ஊரை ஒட்டி ஓடுகிறது. ஊரைத் தாண்டி சிங்காரப்பேட்டையை நோக்கிச் செல்லும்போது இரு பக்கமும் மலைகள் நெருங்கி, நடுவில் ஒரு வழி விடுகின்றன. அதுதான் செங்கம் கணவாய். மேற்கே உள்ள மேட்டு நிலத்தையும் கிழக்கே உள்ள சமவெளியையும் இணைக்கும் பழைய வாசல் இது.

இந்த வாசலில் படைகளும் நுழைந்திருக்கின்றன. 1767 செப்டம்பரில் ஹைதர் அலி, ஹைதராபாத் நிஜாம் ஆகியோரின் கூட்டுப்படையும் ஜோசப் ஸ்மித் தலைமையிலான ஆங்கிலேயப் படையும் மோதியது செங்கத்தில்தான். ஸ்மித் வென்றார். ஆனால் வென்றவர்களுக்குச் சாப்பாடு இல்லை. உணவுப் பொருள் தேடி உடனே திருவண்ணாமலைக்கு நகர வேண்டியதாயிற்று.

இன்று அதே சாலையோரக் கடைகளில் ஆப்பிள் அடுக்கி வைத்திருக்கிறார்கள். ஆடியில் சிம்லா ஆப்பிள் வரத் தொடங்கும். ஐப்பசி, கார்த்திகையில் காஷ்மீர் ஆப்பிள் விலை இறங்கும். இமயமலைச் சரிவில் காய்த்த பழம், ஜவ்வாது மலையின் அடிவாரம் வரை வந்து சேர்ந்துவிடுகிறது. ஆனால் பக்கத்து மலையில் விளையும் சாமை, அதே கடைவீதியில் அவ்வளவு சுலபமாகக் கண்ணில் படுவதில்லை.

இந்த இரண்டையும் ஒரே பாத்திரத்தில் சேர்க்கும் ஒரு பலகாரம் இருக்கிறது. பெயர் ஆப்பிள் கிரம்பிள். பிறந்த நாடு இங்கிலாந்து.

பஞ்சத்தில் பரவிய இனிப்பு

கிரம்பிள் என்றால் உதிர்வது என்று பொருள். நறுக்கிய ஆப்பிளின் மேல் மாவு, வெண்ணெய், சர்க்கரை மூன்றையும் விரல் நுனியால் பிசறி, உதிரியாகத் தூவி, சூட்டில் வேக வைப்பார்கள். மேலே மொறுமொறு, உள்ளே குழைந்த பழம். அவ்வளவுதான்.

இது எளிமையாக இருப்பதற்குக் காரணம் உண்டு. இரண்டாம் உலகப் போரின்போது, 1940 ஜனவரியில், பிரிட்டனில் வெண்ணெய்க்கும் சர்க்கரைக்கும் ரேஷன் வந்தது. ரேஷன் முறை முழுவதுமாக முடிந்தது 1954 ஜூலையில். ஆளுக்கு வாரம் சுமார் 57 கிராம் வெண்ணெய் கிடைத்த நாட்களும் உண்டு. பழத்தைச் சுற்றி மாவைத் தேய்த்து மூடும் ‘பை’ என்ற பலகாரத்துக்கு நிறைய கொழுப்பு வேண்டும். உதிரியாகத் தூவினால் கொஞ்சம் போதும். கையில் இருப்பதை வைத்துப் பிள்ளைகளுக்கு ஓர் இனிப்பு கொடுக்க நினைத்த வீடுகளில் கிரம்பிள் பரவியது இப்படித்தான்.

சாமையும் அப்படி இல்லாத நாளில் கைகொடுத்த தானியம். மழை குறைந்தாலும், மண் மெலிந்திருந்தாலும், சரிவில் விதைத்தாலும் விளையும். ஆனி, ஆடி மழையில் விதைத்தால் மூன்று நான்கு மாதத்தில் அறுவடை. ஜவ்வாது மலையில் வாழும் மலையாளி பழங்குடி மக்களுக்குத் தலைமுறை தலைமுறையாகச் சாமைச் சோறுதான் சாப்பாடு. (கேரளத்து மலையாளிகள் வேறு, இவர்கள் கொல்லிமலை, கல்வராயன், சேர்வராயன் மலைகளிலும் வாழும் தமிழ் பேசும் மக்கள்.)

மலை ஏறிய அரிசி, இறங்கிய சாமை

ரேஷன் அரிசி மலைக்குப் போன பிறகு சாமைச் சோறு குறைந்தது. அதில் யாரையும் குறை சொல்ல முடியாது. சாமை மணி கடுகைப் போலச் சிறியது. உமி இறுகப் பிடித்திருக்கும். உரலில் போட்டு உலக்கையால் குத்தி, புடைத்து, மறுபடி குத்தி, ஒரு வேளைச் சோற்றுக்குப் பெண்கள் பாதி நாள் உழைக்க வேண்டும். அரிசி அந்த வேலையை மிச்சப்படுத்தியது.

ஆனால் அதோடு இன்னொன்றும் நடந்தது. வீட்டுக்கு வேண்டாத தானியம் விற்பதற்கு மட்டும் என்றானது. உமி நீக்கும் இயந்திரம் பக்கத்தில் இல்லாத இடங்களில், சாமை உமியோடு மூட்டையாக மலையை விட்டு இறங்குகிறது. தொலைவில் உள்ள ஆலையில் உமி நீங்கி, பளபளவென்று தீட்டப்பட்டு, நகரத்துக் கடையில் பாக்கெட்டாக நிற்கும்போது அதன் விலை பல மடங்கு. நடுவில் கூடிய அந்த மதிப்பு விதைத்தவர் கைக்குப் போவதில்லை.

2023-ஆம் ஆண்டை ஐ.நா. சபை சர்வதேசச் சிறுதானிய ஆண்டாக அறிவித்தது. திருவண்ணாமலை அருகே அத்தியந்தலில் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் சிறுதானிய மகத்துவ மையம் இயங்குகிறது. விளைச்சலைக் கூட்ட ஆராய்ச்சி நடக்கிறது. ஆனாலும் ஒரு தானியம் வயலில் நிலைக்க வேண்டுமானால், பக்கத்து ஊர் அடுப்படியில் அதற்கு வேலை இருக்க வேண்டும். வயதானவர்கள் மருந்துபோலச் சாப்பிடும் கஞ்சியாக மட்டும் இருந்தால் போதாது. பிள்ளைகள் கேட்டு வாங்கிச் சாப்பிடும் பண்டமாகவும் ஆக வேண்டும்.

கிரம்பிளுக்கு ஏன் சாமை?

சிறுதானிய மாவில் கேக்கோ ரொட்டியோ செய்து பார்த்தவர்களுக்கு அதன் சிக்கல் தெரியும். கோதுமையில் உள்ள குளூட்டன் என்ற பசைப் புரதம் சாமையில் கிடையாது. அதனால் ரொட்டி உப்பாது, கேக் நொறுங்கும்.

கிரம்பிளுக்கோ நொறுங்கத்தான் வேண்டும்! கோதுமை மாவில் செய்பவர்கள், மாவைப் பிசைந்துவிடக் கூடாதே, பசை கூடிவிடுமே என்று பயந்து பயந்து விரல் நுனியால் பிசறுவார்கள். சாமை மாவில் அந்தப் பயமே இல்லை. எவ்வளவு பிசறினாலும் உதிரியாகவே நிற்கும்.

நம் வீடுகளுக்கு இது புதிய வித்தையும் அல்ல. புட்டு மாவு பதம் தெரிந்தவர்களுக்குக் கிரம்பிள் பதமும் தெரியும்: பிடித்தால் பிடிபட வேண்டும், உதிர்த்தால் உதிர வேண்டும். புரட்டாசி சனிக்கிழமை மாவிளக்குக்கு மாவு, வெல்லம், நெய் சேர்ப்போம். கிரம்பிளின் மேல் மாவும் அதே மூன்று பொருள்களின் கூட்டுத்தான்.

இந்த ஊரின் விருந்து பற்றி எழுதிய மிகப் பழைய நூல் மலைபடுகடாம். பத்துப்பாட்டில் ஒன்றான அது 583 அடிகள் கொண்டது. செங்கண்மா என்ற இன்றைய செங்கத்தை ஆண்ட நன்னனிடம் பரிசு பெறப் போகும் கூத்தர்களுக்கு, வழியில் எந்த ஊரில் என்ன சாப்பாடு கிடைக்கும் என்று பெருங்கௌசிகனார் சொல்லிக்கொண்டே போகிறார். தினைச் சோறு, மூங்கிலரிசிச் சோறு, புளி, மோர், தேன் என்று மலை எதைக் கொடுத்ததோ அதுதான் விருந்து. வந்தவருக்கு அங்கே விளைந்ததைப் போடுவதுதான் இந்த ஊர் வழக்கம். ஆப்பிள் விருந்தாளி என்றால், உபசரிக்கச் சாமை இருக்கிறது.

வீட்டில் செய்யும் முறை (நான்கு பேருக்கு)

சாமையைப் பட்டை தீட்டாததாக, சற்றுப் பழுப்பு நிறத்தில் இருப்பதாகப் பார்த்து வாங்குங்கள். ஒரு டம்ளர் சாமையை வெறும் வாணலியில் மணம் வரும் வரை வறுத்து, ஆற வைத்து, மிக்சியில் அரைத்துச் சலித்துக்கொள்ளுங்கள். சலிக்காவிட்டால் பல்லில் நறநறக்கும். மாவு சீக்கிரம் சிக்கு வாடை அடிக்கும் என்பதால் அன்றைக்கு வேண்டியதை மட்டும் அரைப்பது நல்லது.

சலித்த மாவில் ஒரு கப் எடுத்து, நாட்டுச் சர்க்கரை நான்கு மேசைக்கரண்டி, ஒரு சிட்டிகை உப்பு, வறுத்துத் தோல் நீக்கி ஒன்றிரண்டாக நொறுக்கிய மல்லாட்டை கால் கப் சேருங்கள். (செங்கம் பக்கம் வேர்க்கடலைக்கு மல்லாட்டை என்றுதான் பெயர்.) குளிர்ந்த வெண்ணெய் 75 கிராம் சேர்த்து, விரல் நுனியால் புட்டு மாவு பதத்துக்குப் பிசறி, குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள்.

நான்கு ஆப்பிளைத் தோல் சீவித் துண்டு போடுங்கள். இங்கிலாந்தில் இதற்கென்றே பிராம்லி என்ற புளிப்பு ஆப்பிள் இருக்கிறது. நமக்குக் கிடைப்பது இனிப்பு ஆப்பிள் என்பதால் அரை எலுமிச்சம்பழச் சாறு கட்டாயம். இரண்டு மேசைக்கரண்டி நாட்டுச் சர்க்கரை, கொஞ்சம் பட்டைத்தூள், ஒரு சிட்டிகை சுக்குத்தூள் சேர்த்து வாணலியில் ஐந்து நிமிடம் வதக்குங்கள். விட்ட நீர் சுண்டியதும் ஒரு தட்டையான பாத்திரத்தில் பரப்பி, மேலே மாவைத் தூவுங்கள். அழுத்த வேண்டாம்.

ஓவன் இருந்தால் 180 டிகிரி செல்சியஸில் 35 முதல் 40 நிமிடம். இல்லாதவர்கள் கனமான பழைய பாத்திரத்தில் இரண்டு கப் கல் உப்பைப் பரப்பி, அதன் மேல் ஒரு வளையம் வைத்து, மூடி, பத்து நிமிடம் சூடாக்குங்கள். பிறகு கிரம்பிள் பாத்திரத்தை உள்ளே வைத்து, சிறு தீயில் 40 நிமிடம் விடுங்கள். கடைசிப் பத்து நிமிடம் மூடியைச் சற்றே திறந்து வைத்தால் ஆவி வெளியேறி, மேல் மாவு மொறுமொறுப்பாகும். அடியிலிருந்து மட்டும் சூடு வருவதால் ஓவனில் வருவது போலச் சிவக்காது. சாமையை முன்பே வறுத்தது இங்கேதான் உதவும். நிறம் குறைந்தாலும் வறுபட்ட வாசனை இருக்கும்.

சாமை என்பதற்காகச் சர்க்கரை நோயாளிகள் கிண்ணம் கிண்ணமாகச் சாப்பிட்டுவிடக் கூடாது. இனிப்பு இனிப்புதான்.

ஊற்றிச் சாப்பிட ஒன்று

இங்கிலாந்தில் கிரம்பிளைத் தனியாகக் கொடுக்க மாட்டார்கள். பாலும் முட்டையும் சேர்த்துக் காய்ச்சிய கஸ்டர்டை மேலே ஊற்றுவார்கள். செங்கத்தில் அதையும் காய்ச்ச வேண்டியதில்லை. ஆங்கிலேயர்கள் கஸ்டர்டு ஆப்பிள் என்று பெயர் வைத்த பழம் இந்த வறண்ட மலைச்சரிவுகளில் காய்க்கிறது. நம் சீத்தாப்பழம்தான் அது. பழுத்த சீத்தாப்பழத்தின் சதையை விதை நீக்கி மசித்து, காய்ச்சி ஆற வைத்த பால் அரை டம்ளர் விட்டுக் கலந்தால் போதும். ஒன்றை மட்டும் கவனியுங்கள்: சீத்தாப்பழச் சதையைச் சூடு செய்தால் கசந்துவிடும். அதனால் ஆப்பிளோடு சேர்த்து வேக வைக்காமல், குளிர்ச்சியாக மேலே ஊற்றுங்கள்.

சீத்தாப்பழம் ஆவணியில் வரத் தொடங்கி ஐப்பசி வரை கிடைக்கும். ஆப்பிள் மலிவதும் புதுச்சாமை களத்துக்கு வருவதும் அந்தச் சமயத்தில்தான். தீபத்துக்குத் திருவண்ணாமலை போகிறவர்கள் கொஞ்சம் முன்னதாகக் கிளம்பி செங்கம் வரை போய் வரலாம். நாயக்கர் கால ராமாயண ஓவியங்கள் உள்ள வேணுகோபால பார்த்தசாரதி கோயிலைப் பார்த்துவிட்டு, மலையடிவாரத்தில் குப்பநத்தம் அணையையும் எட்டிப் பார்க்கலாம். திரும்பும்போது ஆப்பிளோடு இரண்டு சீத்தாப்பழமும், மலையிலிருந்து வந்த சாமை ஒரு கிலோவும் பையில் இருக்கட்டும். யார் விளைவித்த சாமை என்று கடைக்காரரிடம் கேட்டு வாங்குங்கள். வாங்குபவர்கள் கேட்கக் கேட்கத்தான் கடைக்காரர் மலைப்பக்கம் திரும்பிப் பார்ப்பார்.