காலமானி

தலைப்பைப் பாத்துட்டு யாரோ போய்ச் சேந்துட்டாங்கன்னு பதறாதீங்க மக்களே. வெப்பத்தை அளக்க வெப்பமானி இருக்குற மாதிரி, காலம் ஓடுற வேகத்தை அளக்குற கருவிக்கு நான் வச்ச பேரு இது. அப்படி ஒரு கருவி கிடையாது. ஆனா போன தடவை ஊருக்குப் போய்ட்டு வந்ததுலேருந்து, அது ஒண்ணு கையில இருந்தா தேவலைன்னு தோணிக்கிட்டே இருக்கு.

ஊருன்னா மயிலாடி. நாகர்கோவில்லேருந்து அஞ்சுகிராமம் போற ரோட்டுல, பஸ்ஸுக்குள்ள உளிச்சத்தம் கேக்க ஆரம்பிச்சா இறங்குறதுக்குத் தயாராகிடலாம். இப்போ உளியைவிட கட்டிங் மெஷின் சத்தம்தான் அதிகம். எங்க பாட்டா (அம்மாவோட அப்பா) ஐம்பது வருசத்துக்கு மேல அங்க கல்லு கொத்தினவரு. அம்மி, ஆட்டுக்கல்லுல ஆரம்பிச்சு சாமி சிலை வரைக்கும். இப்போ வயசு 84. குளியலறையில வழுக்கி விழுந்து காலை ஒடச்சுக்கிட்டு படுக்கையில கிடந்தாரு.

போன்ல கேட்டாரு. "எப்ப மக்களே வருவ?"

"ரெண்டு வாரம் பாட்டா. கண்ணை மூடித் தொறக்குறதுக்குள்ள வந்துருவேன்."

ரெண்டு வாரம்ங்கறது எங்க தொழில்ல ஒரு ஸ்பிரின்ட். திங்கக்கிழமை மீட்டிங்ல உக்காந்தா, எழுந்திரிக்கும்போது அடுத்த வெள்ளிக்கிழமை ஆகியிருக்கும். ரிலீஸ் ரெண்டு நாள் தள்ளிப்போக, பதினாறாவது நாள் காலையில பெங்களூர் பஸ்ஸை விட்டு இறங்கினேன்.

பாட்டா என்னைப் பாத்து சொன்ன முதல் வார்த்தை: "முப்பத்தொரு நாளு கழிச்சு வந்திருக்கடே."

இல்ல பாட்டா, பதினாறுதான்னேன். கட்டிலுக்குப் பக்கத்துச் சுவரைக் காட்டி "எண்ணிப் பாரு"ன்னாரு. கரித்துண்டால போட்ட கோடு. எண்ணினேன். சரியா முப்பத்தொண்ணு.

அம்மாதான் விளக்கினாங்க. மாத்திரை போட்டுட்டு மத்தியானமும் நல்லா தூங்கிடுறாரு. ஜன்னல் எப்பவும் சாத்தியிருக்கும். சாயங்காலம் முழிச்சு, விடிஞ்சிருச்சுன்னு நெனச்சு ஒரு கோடு போடுறாரு. காலையில முழிச்சதும் இன்னொண்ணு. அதாவது நான் சொன்னதை அப்படியே செஞ்சிருக்காரு. கண்ணை மூடித் தொறக்கும்போதெல்லாம் ஒண்ணு.

முதல்ல சிரிச்சேன். கவுன்ட்டர்ல பக்னு எனக்குள்ள இருக்குற இன்ஜினியர் சொன்னான். அன்னிக்கு ராத்திரி தூக்கம் வரல. எந்தக் கணக்கு தப்பு?

பழையாத்துல தண்ணி ஓடுது. நொடிக்கு எத்தனை லிட்டர்னு அளந்துடலாம். காலம் ஓடுதுன்னு சொல்றோமே, அது எதுக்கு எத்தனை? நொடிக்கு ஒரு நொடி. மேலயும் கீழயும் அடிச்சுட்டா மிச்சம் வெறும் 1. அதனாலதான் கடிகாரம் எதுவும் ஓட்டத்தை அளக்குறதில்ல, எண்ண மட்டும்தான் செய்யுது. 1967-லேருந்து ஒரு நொடின்னா சீசியம் அணு சம்பந்தப்பட்ட ஒரு கதிர்வீச்சோட 9,192,631,770 அதிர்வுகள். அதுவும் கோடு போட்டு எண்றதுதான், கரித்துண்டு கொஞ்சம் விலை கூட.

வேகம் தெரியணும்னா இன்னொரு கடிகாரம் வேணும். ஜிபிஎஸ் செயற்கைக்கோள்ல இருக்குற கடிகாரம் தரையில இருக்குறதைவிட ஒரு நாளைக்கு சுமார் 38 மைக்ரோ நொடி முந்தும். எல்லாம் ஐன்ஸ்டீன் வேலை. அதைச் சரி பண்ணலேன்னா ஒரே நாள்ல இடக்கணக்கு பத்து கிலோமீட்டர் அளவுக்குத் தப்பிடும். அவ்வளவு நுணுக்கமான வித்தியாசத்தையே கண்டுபிடிச்சுட்டோம். எனக்கும் பாட்டாவுக்கும் நடுவுல இருந்த பதினஞ்சு நாளை அளக்க ஒரு கருவி இல்ல.

முல்லைப்பாட்டுல பாசறையில இருக்குற ராஜாவுக்கு நாழிகைக் கணக்கர்கள் பொழுது சொல்ற காட்சி வரும். அந்த நீர்க்கடிகாரத்துக்குப் பேரு கன்னல். வீட்டுல ராணி அவன் வரவுக்காகக் காத்துக்கிட்டு இருக்கா. கன்னல் ராஜா பக்கத்துல மட்டும்தான் இருக்கு, கவனிச்சீங்களா? ராணி கிட்டயும் ஒண்ணு இருந்திருந்தா ரெண்டுலயும் ஒரே நாழிகைதான் காட்டியிருக்கும். என்ன பிரயோசனம்?

எட்டாங்கிளாஸ்ல அறிவியல் கண்காட்சிக்கு நாழிகை வட்டில் செஞ்சேன். அடியில ஓட்டை போட்ட கிண்ணத்தைத் தண்ணியில மிதக்க விடணும். உள்ள தண்ணி ஏறி அது முங்கினா ஒரு நாழிகை, 24 நிமிசம். அறுபது நாழிகை ஒரு நாள். கிண்ணத்துக்குப் பதிலா சிரட்டை. ஓட்டை போட்டுத் தந்தது பாட்டா. ஓட்டை பெருசாகி நாலே நிமிசத்துல முங்கிடுச்சு, பரிசு கிடைக்கல.

அப்போ எனக்குத் தெரியாத ஒரு அழகு அதுல இருக்கு. குடத்துலேருந்து தண்ணி ஒழுகினா, மட்டம் இறங்க இறங்க வேகம் குறையும். ஆனா மிதக்குற கிண்ணத்துல, சுவர் நேரா இருந்தா, வெளிய உள்ள தண்ணிக்கும் உள்ள இருக்குறதுக்கும் உள்ள உயர வித்தியாசம் மாறாது. கிண்ணத்தோட எடைதான் அதை முடிவு பண்ணுது. அதனால தண்ணி ஒரே சீரா ஏறும். யார் யோசிச்சாங்களோ, பெரிய மூளை. (சிரட்டை வளைவா இருக்குறதால கொஞ்சம் முன்னப்பின்ன ஆகும், விடுங்க.)

மறுநாள் மத்தியானம் ஜன்னலைத் தொறந்து வச்சேன். சமையல்கட்டுலேருந்து ஒரு சிரட்டை எடுத்து ஓட்டை போட்டு, வாளித் தண்ணியோட கட்டில் பக்கத்துல கொண்டுவந்து வச்சேன். இந்தத் தடவையும் நாலு நிமிசம்தான். மொபைல்ல பாத்தேன். பாட்டாவுக்கு மொபைல் தேவைப்படல. மூணு தடவை பாத்துட்டு, நாலாவது தடவை கண்ணை மூடிக்கிட்டே "இப்ப முங்கும் பாரு"ன்னாரு. முங்குச்சு. கல்லுல உளி விழுற தாளத்தை ஐம்பது வருசம் கேட்ட காதுல்லா.

அப்புறம் என் பக்கம் திரும்பி, "நீ கெளம்ப இன்னும் எத்தனை சிரட்டை இருக்கு?"ன்னு கேட்டாரு.

மணி நாலு. பஸ் மறுநாள் சாயங்காலம் ஆறுக்கு. இருபத்தாறு மணி நேரம், மணிக்குப் பதினஞ்சு. "முந்நூத்தித் தொண்ணூறு பாட்டா"ன்னேன். நெறைய இருக்கேன்னு எனக்கே சந்தோசமா இருந்துச்சு.

அவரு ஒண்ணும் சொல்லல. வாளியில கையை விட்டு சிரட்டையை எடுத்து, தண்ணியைக் கொட்டிட்டு, மறுபடியும் மிதக்க விட்டாரு.