வாசிக்க மட்டும்

மாஸ்டர் மௌத்தாகி ஆறாவது வருஷத்தில்தான் அவருடைய கதைகளைப் புத்தகமாக்கும் வேலையில் நான் உண்மையாக இறங்கினேன். அந்த வேலை 2004ஆம் ஆண்டிலிருந்தே என் கையில் கிடந்தது. ஆறப்போட்டவன் நான்தான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

அந்த வருஷம் டிசம்பர் 26இல் கடல் ஊருக்குள் வந்தபோது மாஸ்டரும் பிள்ளைகளும் எப்படியோ தப்பிவிட்டார்கள், அல்ஹம்துலில்லாஹ். வீடும், வீட்டுக்குள் இருந்த இரும்புப் பெட்டியும் போய்விட்டன. பெட்டிக்குள் இருபத்தைந்து வருஷத்துக் கொப்பிகள். அதற்கு முந்திய வருஷம், தொகுதியொன்று போடும் எண்ணத்தில் 14 கதைகளை மட்டும் தட்டச்சு நிலையமொன்றில் அடிப்பித்து, ஓர் இறுவட்டில் ஏற்றி, பிழை பார்க்கச் சொல்லி என்னிடம் தந்திருந்தார். என் வீடு பிரதான வீதிக்கு மேற்கே இருந்ததால் அந்த இறுவட்டு தப்பியது. மாஸ்டர் எழுதியவற்றில் மிஞ்சியது அவ்வளவுதான்.

அன்றைக்கு என்னிடம் இருந்தது விண்டோஸ் 98 போட்ட ஒரு பழைய கணனி. இறுவட்டிலிருந்து கோப்புகளைப் பிரதியெடுத்து, ஒன்றைத் திறந்து ஒரு எழுத்துப்பிழையைத் திருத்திச் சேமிக்கப் போனால், ‘வாசிக்க மட்டும்’ என்று சொல்லி மறுத்தது. அரை நாள் மண்டையை உடைத்துக்கொண்டேன். விஷயம் மிகச் சின்னது. இறுவட்டில் இருக்கும் கோப்பின் மேல் யாரும் எழுத முடியாது. ஆகவே அதற்கு ‘வாசிக்க மட்டும்’ என்ற குறி இருக்கும். அக்காலத்து விண்டோஸ், கோப்பைக் கொண்டுவரும்போது அந்தக் குறியையும் சேர்த்தே கொண்டுவந்துவிடும். கோப்பின் பண்புகளைத் திறந்து, அந்தச் சதுரத்திலிருந்த சரி அடையாளத்தை எடுத்துவிட்டால் சரி. பதினான்குக்கும் எடுத்துவிட்டேன். பூட்டைத் திறந்துவிட்ட சந்தோஷம். திருத்த வேண்டியவற்றைத் திருத்தினேனா என்றால், இல்லை. பிறகு, பிறகு என்று வருஷங்கள் போயின. 2016இல் மாஸ்டரும் போய்விட்டார்.

மாஸ்டரின் மகள் 2019இல் ஒரு நாள் வீட்டுக்கு வந்து, “காக்கா, வாப்பாட கதயெல்லாம் உங்களிட்டத்தானே இரிக்கி?” என்று கேட்டாள். குற்றஞ்சாட்டும் குரலே இல்லை. அதனால்தான் அன்றிரவு எனக்கு நித்திரை வரவில்லை.

கதைகள் பாமினியில் இருந்தன. இந்தச் சஞ்சிகை வாசகர்களில் பலர் பாமினியில் அடித்துப் பழகியவர்கள்தான். ஆனாலும் அதன் உள்வேலையைச் சொல்ல வேண்டும். பாமினிக் கோப்புக்குள் தமிழே கிடையாது. ‘உம்மா’ என்று நாம் வாசிக்கிற சொல், உள்ளே சி, கே, ஓர் அரைப்புள்ளி, மறுபடி கே, பிறகு எச் என்ற ஐந்து ஆங்கில அடையாளங்கள். எழுத்துரு என்ற சட்டையைப் போட்டால்தான் உம்மா. சட்டையைக் கழற்றினால் உளறல். யுனிகோட்டில் அப்படியில்லை, ‘உ’வுக்கென்று சொந்த எண் உண்டு. ஆகவே பாமினியை யுனிகோட்டாக்க ஒரு சிறு நிரல் எழுதத் தொடங்கினேன். அதற்கென்று ஆயத்த மாற்றிகள் அப்போதே இருந்தன. நான் போட்டுப் பார்த்தவை மாஸ்டரின் கிழக்கு மாகாணப் பேச்சுமொழியில் வழுக்கி விழுந்தன. கணிதம் படிப்பித்த ஆள் நான். மருமகன் கொழும்பில் மென்பொருள் வேலை செய்கிறான். பைத்தன் என்ற நிரல்மொழியை அவனிடம் தொலைபேசியில் கேட்டுக் கேட்டுப் படித்தேன். என் கணனியை உபுண்டுவுக்கு மாற்றித் தந்ததும் அவன்தான்.

இரண்டாவது பூட்டு அங்கேதான் விழுந்தது. ஒரு நாள், நிர்வாகியின் அதிகாரத்தோடு உரைத்தொகுப்பானைத் திறந்து ஒரு புதிய கோப்பில் நிரலின் ஒரு பகுதியை எழுதிச் சேமித்துவிட்டேன். மறுநாள் சாதாரணமாகத் திறந்தால், வாசிக்க மட்டும். கோப்பின் சொந்தக்காரனாக நிர்வாகியின் பெயர் பதிந்துவிட்டது. எழுதிய நானே அதற்கு அந்நியன். உரிமையை என் பெயருக்கு மாற்றும் ஒரு வரிக் கட்டளையை மருமகன் சொன்னான். முடிந்தது. அவனுடைய கந்தோரிலும் கோப்புகள் பூட்டப்படுவது அன்றாடக் காரியமாம். ஒருவர் எடுத்துத் திருத்தும்வரை மற்றவர்களுக்கு வாசிக்க மட்டும் கொடுக்கும் மென்பொருள்கள் உண்டு. அதே கோப்பு இன்னொரு சாளரத்தில் திறந்து கிடந்தாலும் சில தொகுப்பான்கள் எச்சரிக்கும். இவையெல்லாம் மனிதர்கள் மனிதர்களுக்குப் போடும் பூட்டுகள். திறப்பும் யாரிடமாவது இருக்கும்.

நிரலில் எனக்குத் தலையிடி தந்தது ‘ஔ’காரம். ‘மௌத்’ என்ற சொல்லில் உள்ள ‘மௌ’வைப் பாமினியில் அடிக்க, முன்னால் ஒற்றைக் கொம்பு, நடுவில் ‘ம’, பின்னால் ‘ள’ என்ற எழுத்தே. அந்த ‘ள’ எழுத்தா, ஔகாரத்தின் வாலா என்பது கோப்புக்குத் தெரியாது, வாசிக்கிறவருக்குத்தான் தெரியும். என் நிரல் முதல் ஓட்டத்தில் மௌத்தை ‘மெளத்’ ஆக்கியது. மௌலவியும் தௌபாவும் அதே கதி. யுனிகோட்டில் தேடுகிறவனுக்கு அவை வேறு சொற்கள். ஒற்றைக் கொம்பு போட்ட எழுத்துக்குப் பின்னால் வெறும் ‘ள’ வந்தால் அதை ஔகாரமாக்கு என்று ஒரு விதி எழுதினேன். மௌத் சரிவந்தது. சந்தோஷத்தில் இரண்டாவது கதையை ஓட்டினேன். கதையில் ஒரு கிழவர் பேரனைப் பார்த்து, “வௌங்குதா?” என்று கேட்டார்.

மாஸ்டரிடம் படித்த எவருக்கும் அந்தச் சொல்லைத் தெரியும். வகுப்பில் ஒரு செய்யுளைச் சொல்லி முடித்ததும் மூக்குக்கண்ணாடியை இறக்கி, “வெளங்குதா?” என்பார். எவனாவது மண்டையை ஆட்டினால், “எனக்கே முழுசா வெளங்கல்ல, உனக்கெப்படி வெளங்கின?” என்பார். அந்தச் சொல்லைக் கதைகளில் அள்ளிப் போட்டிருந்தார். என் விதி எல்லாவற்றையும் தின்றுவிட்டது. ‘வ’ வந்தால் மட்டும் விதியைப் பிரயோகிக்காதே, வௌவாலைத் தனியாகப் பார்த்துக்கொள் என்று ஒரு திருத்தம் செய்தால் போதும். நாலைந்து வரிகள்.

அந்த நாலைந்து வரிகளை அடிக்க நான் உட்கார்ந்தது 2022 மார்ச் மாதக் கடைசியில். நாட்டின் நிலைமை உங்களுக்கு ஞாபகமிருக்கும். நாளொன்றுக்கு 13 மணித்தியாலம் வரை மின்வெட்டு. டீசலும் இல்லை, கடதாசியும் இல்லை. பத்திரிகைகளே அச்சை நிறுத்திய நாட்கள். புத்தகம் போடுவதைப் பற்றி யோசிக்கவே வெட்கமாக இருந்தது. ஆனாலும் மின்சாரம் வரும் நேரத்தில் கணனிக்கு முன்னால் குந்திவிடுவேன். மின்கலச் சேமிப்பான் ஒன்றும் என்னிடம் இல்லை. கரண்ட் போகும்போதெல்லாம் கணனி அப்படியே செத்து விழும், வந்ததும் எழுப்புவேன்.

அஸருக்குப் பிறகு திருத்தத்தை அடித்துச் சேமிக்கப் போனேன். மறுத்தது. வாசிக்க மட்டும்.

எனக்கு இப்போது அனுபவமிருக்கிறதல்லவா? சொந்தக்காரனை மாற்றும் கட்டளையை அடித்தேன். மறுத்தது. எழுதும் அனுமதியைக் கொடுக்கும் கட்டளையை அடித்தேன். அதையும் மறுத்தது. நிர்வாகியின் அதிகாரத்தோடு அடித்தேன். நிர்வாகிக்கே அது முகத்தைத் திருப்பிக்கொண்டது. கோபம் வந்துவிட்டது எனக்கு. வட்டையே வலுக்கட்டாயமாக எழுதக்கூடியதாக மாற்றும் கட்டளை ஒன்று குறிப்புக் கொப்பியில் இருந்தது. அதைப் பாதி அடித்துவிட்டுத்தான் எதற்கும் ஒரு வார்த்தை கேட்போம் என்று மருமகனுக்கு அழைப்பெடுத்தேன்.

“மாமா, கைய எடுங்க. ஒண்டும் அடிக்காதீங்க,” என்றான். “மவுண்ட் எண்டு மட்டும் அடிச்சி, உங்கட வட்டுக்கு நேரா ஆர்டபிள்யூ எண்டிரிக்கா, ஆர்ஓ எண்டிரிக்கா பாருங்க.”

ஆர்ஓ என்றிருந்தது.

“அப்ப ஃபைல்ல பிழயில்ல. வட்டுலதான் பிழ.”

அவன் சொன்னதை என் மொழியில் சொல்கிறேன். உபுண்டுவின் கருநிரல், வட்டின் கோப்பமைப்பில் பிழை கண்டால், அதன் மேல் மேலும் எழுதுவது உள்ளதையும் கெடுத்துவிடும் என்பதற்காக, முழுப் பிரிவையும் தானாகவே ‘வாசிக்க மட்டும்’ என்ற நிலைக்குக் கொண்டுவந்துவிடும். வட்டை நிறுவும்போதே அப்படிச் செய் என்று ஒரு வரியில் எழுதப்பட்டிருக்கிறது. அவன் சொன்ன இன்னொரு கட்டளையை அடித்தபோது கருநிரலின் நாட்குறிப்பு ஓடியது. ஒரே இடத்தை வாசிக்க முயன்று முயன்று தோற்ற செய்திகள், வரிவரியாக. வட்டு சாகத் தொடங்கியிருந்தது. நான் உடைக்கப் பார்த்தது கதவின் பூட்டையல்ல, காயத்தின் கட்டை.

“இப்ப அது வாசிக்க உடுகுதுதானே மாமா? அது போதும். பென்டிரைவ் ஒண்டு போட்டு, மாஸ்டர்ட கதயள முதல்ல வெளிய எடுங்க. புரோகிராமயும் சேவ் அஸ் குடுத்து அதுக்குள்ளயே போடுங்க. பென்டிரைவ் வேற வட்டு, அதுல எழுதலாம். மறுகா ஓஃப் பண்ணிட்டு, நான் வாறவரைக்கும் ஓன் பண்ணவே வேணா.”

இறுவட்டு என்ன ஆனது என்று கேட்பீர்கள். 2019இலேயே போட்டுப் பார்த்தேன், வெறுமனே சுற்றிக்கொண்டிருந்தது. அன்றைக்கே வேறொரு பிரதி எடுத்து வைத்திருக்க வேண்டும். ஒரு பென்டிரைவின் விலை என்ன? வைக்கவில்லை.

முதல் பத்துக் கதைகள் மளமளவென்று வந்தன. பதினோராவதில் நின்றது. வட்டு உள்ளே ‘டிக், டிக்’ என்றது. அதை விட்டுவிட்டு மற்ற மூன்றையும் எடுத்தேன். நிரலையும் எடுத்தேன். மஃரிபுக்கு பாங்கு சொல்லி முடியக் கரண்டும் போனது.

அந்தக் கணனி ஒரு மாதத்துக்கு மேல் இருட்டில் கிடந்தது. நோன்பு வந்தது. இடையில் கணனி திருத்துபவர் ஒருவரிடம் விசாரித்தேன். “ஃபோமட் அடிச்சித் தாறன் சேர், புதிசு மாதிரி ஓடும்,” என்றார். நல்ல மனுஷன்தான், சலாம் சொல்லிவிட்டு வந்துவிட்டேன். மாஸ்டரின் மகளிடம் சொல்லவில்லை. தெருவில் கண்டால் வேறு பக்கம் பார்த்தேன்.

மருமகன் பெருநாளைக்கு வந்தான். ஒரு பென்டிரைவிலிருந்தே உபுண்டுவை எழுப்பி, என் வட்டின் மேல் ஒரு எழுத்தும் எழுதாமல், அதை அப்படியே இன்னொரு வட்டுக்குப் பிரதியெடுக்கும் வேலையைத் தொடங்கினான். அந்த மென்பொருளின் பெயர் டிடிரெஸ்கியூ. அதன் புத்தி எனக்குப் பிடித்துக்கொண்டது. கெட்ட இடத்தில் மல்லுக்கட்டாமல் முதலில் நல்ல இடங்களையெல்லாம் எடுத்து வைத்துவிடும். எதை எடுத்தது, எதை விட்டது என்று ஒரு வரைபடம் வைத்துக்கொண்டு, கடைசியில்தான் விட்டவற்றுக்குத் திரும்பும். இரவு முழுக்க ஓடியது. சுபஹ் தொழுதுவிட்டு வந்து பார்த்தபோது, பதினோராவது கதையின் நடுவில் 4096 பைட் அளவு மட்டும் வரவேயில்லை. பாமினியில் விசை ஒன்றுக்கு ஒரு பைட். ஆக 4096 விசைத்தட்டல்கள். ஐந்நூறுக்கு மேற்பட்ட சொற்கள்.

அது ஒரு கைத்தறிக்காரியின் கதை. சவூதிக்குப் போன மகன் ஒன்பது வருஷத்துக்குப் பிறகு வந்து படலையைத் திறக்கிறான். அங்கே வெட்டுப்படுகிறது. மறுபடி கதை தொடங்கும்போது தறி சேலையால் மூடிக் கிடக்கிறது. உம்மாவும் மகனும் ஆளுக்கொரு திண்ணையில் பேசாமல் இருக்கிறார்கள். நடுவில் என்ன பேசிக்கொண்டார்கள்? அந்தக் கதையை வாசித்தவன் நான். ஊரில் நான் மட்டும்தான் வாசித்திருக்கிறேன். எனக்கு ஞாபகம் வரவில்லை.

ஒரு பாவமும் செய்தேன். மூன்று இரவுகள் இருந்து அந்த ஒன்றரைப் பக்கத்தை நானே எழுதினேன். நன்றாகவே வந்தது, உம்மாவின் வாயில் ஒரு ‘வெளங்குதா’ கூட வைத்திருந்தேன். அதை எடுத்துக்கொண்டு மாஸ்டரின் மகளிடம் போய், எல்லாவற்றையும் சொல்லி, தாளை நீட்டினேன். நின்றபடியே இரண்டு தரம் வாசித்தாள்.

“வாப்பாட மாதிரித்தான் இரிக்கி காக்கா,” என்றாள். பிறகு தாளை மடித்து என் கையிலேயே தந்தாள். “ஆனா வாப்பாட இல்லயே. அந்த இடத்த அப்படியே உடுங்க.”

புத்தகம் 2023இல் வந்தது. 121ஆம் பக்கத்தில் கீழ்ப்பாதி வெள்ளையாக இருக்கிறது. அச்சகத்தார் பிழையென்று நினைத்து இரண்டு முறை கேட்டார்கள். வாங்கியவர்களிலும் சிலர் மாற்றித் தரச் சொன்னார்கள்.

நிரலில் அந்த நாலைந்து வரிகளைச் சேர்த்துவிட்டேன். ‘வெளங்குதா’ இப்போது சரியாக வருகிறது. ‘ஔ’ போனால் இன்னொன்று வரும். அந்தக் கோப்பு எப்போதும் திறந்தபடிதான் கிடக்கிறது. மாஸ்டரின் மூலக் கோப்புகள் பதினான்கும் மூன்று இடங்களில் இருக்கின்றன. ஒன்று என்னிடம், ஒன்று மருமகனிடம், ஒன்று அவளிடம். அவற்றின் எழுதும் அனுமதியை, என் பெயருக்கும் சேர்த்து, நானே எடுத்துவிட்டேன்.