வளவனூர்க் கடைத்தெருவும் நீல்கிரிஸும்

விழுப்புரத்திலிருந்து புதுச்சேரி போகும் சாலையில் ஏறக்குறைய பத்து கிலோமீட்டர் வந்தால் வளவனூர். பேரூராட்சி. 1879இல் புதுச்சேரிக்குப் போட்ட ரயில் பாதையில் விழுப்புரத்தை அடுத்த நிலையம் இது. சுற்றுப்பட்டு கிராமங்களில் நெல், கரும்பு, மல்லாட்டை என்கிற நிலக்கடலை. மேற்கே விழுப்புரம் கடைவீதி. கிழக்கே மதகடிப்பட்டில் செவ்வாய்க்கிழமைச் சந்தை. மதகடிப்பட்டு புதுச்சேரி எல்லைக்குள் இருக்கிறது. பிரெஞ்சுக்காரர் ஆண்டபோது அது வேறு நாட்டு மண். இருபுறமும் இப்படிப்பட்ட இழுப்பு இருந்தும் தனக்கென்று ஒரு வியாபாரத்தை வைத்திருக்கிறதே, அதற்காகவே இந்த ஊர் எனக்குப் பிடிக்கும்.

இங்கே மளிகைக் கடையின் பலம் பற்று நோட்டு. கரும்பை வெட்டி அனுப்பியவருக்குப் பணம் கைக்கு வரும்வரை அடுப்பு எரிய வேண்டாமா? “எழுதி வச்சுக்கங்கண்ணே, மல்லாட்டை போட்டதும் குடுத்துடறேன்” என்பார் வாங்குபவர். கடைக்காரர் மறுபேச்சில்லாமல் துவரம் பருப்பை நிறுத்துப் போடுவார். எந்த நிலத்தில் என்ன பயிர் நிற்கிறது, யார் வீட்டில் கல்யாணம் என்பதெல்லாம் அவருக்குத் தெரியும். அவர் கொடுக்கும் கடனுக்கு அந்த அறிவுதான் ஈடு.

குடும்ப வியாபாரம் எதுவரை வளரும், எங்கே இடறும் என்று யோசிக்கும்போதெல்லாம் எனக்கு நீல்கிரிஸ் என்ற கடைத்தொடர் நினைவுக்கு வரும். புதுச்சேரி ரங்கப்பிள்ளை வீதியிலும் அதற்கு ஒரு கடை இருந்தது.

அதைத் தொடங்கிய முத்துசாமி முதலியார், கோவையிலிருந்து நீலகிரி மலைக்கு வெள்ளைக்காரர்களின் தபாலையும் காசோலைகளையும் சுமந்துபோனவர். 1905இல் வெண்ணெய் வியாபாரத்தில் இறங்கினார். மலையில் இருப்பவர்கள் என்ன கேட்பார்கள் என்பது நடந்து நடந்து அவருக்குத் தெரிந்திருந்தது. அவர் மகன் சென்னியப்பன் 1936இல் பெங்களூரு பிரிகேட் ரோட்டுக்குக் கடையைக் கொண்டுபோனார். பிறகு ஈரோட்டில் சொந்தப் பால் பண்ணை. வாடிக்கையாளரே அலமாரியிலிருந்து பொருளை எடுத்துக்கொள்ளும் சூப்பர் மார்க்கெட் முறையை நம் நாட்டில் முதலில் பழக்கியவர்களில் இந்தக் குடும்பமும் உண்டு. பால், வெண்ணெய், ரொட்டி, கேக் என்று எல்லாவற்றிலும் தன் பெயரையே போட்டு விற்றது. அந்தப் பெயரை நம்பித்தான் தென்னிந்தியா வாங்கியது.

2006இல் பெரும்பான்மைப் பங்கு ஆக்டிஸ் என்ற முதலீட்டு நிறுவனத்திடம் போனது. கிளைகள் பெருகின, பெரும்பாலானவை ஃபிரான்சைஸ் கடைகள். 2014இல் ஃபியூச்சர் குழுமம் சுமார் 300 கோடி ரூபாய்க்கு நீல்கிரிஸை வாங்க ஒப்பந்தம் போட்டது. கொரோனாவுக்குப் பிறகு அந்தக் குழுமமே கடனில் மூழ்கியது. ரிலையன்ஸுக்கு விற்கும் திட்டம் அமேசானுடனான வழக்கில் சிக்கி 2022இல் முறிந்தது; அதே ஆண்டு குழுமத்தின் ஃபியூச்சர் ரீடெயில் நிறுவனம் திவால் நடவடிக்கைக்குள் போனது. அந்தச் சரிவில் நீல்கிரிஸும் தேய்ந்தது, பல ஊர்களில் கடைகள் மூடப்பட்டன.

வெண்ணெய் கெட்டுப்போய் அந்தப் பெயர் சரியவில்லை. மாட்டுத் தொழுவம் முதல் கல்லாப்பெட்டிவரை ஒரே குடும்பம் பார்த்த தொழில், கைமாறிக் கைமாறி, யாரோ வாங்கிய கடனுக்குப் பலியானது. என் கணிப்பு இதுதான்: கடை பெரிதானதில் பிழையில்லை, வாங்குபவரைத் தெரிந்த ஆள் கல்லாவில் இல்லாமல் போனதுதான் பிழை.

வளவனூர்க் கடைக்காரருக்கு அந்தத் தெரிதல் இன்னும் இருக்கிறது. ஆனால் இப்போது நான்குவழிச் சாலை வந்துவிட்டது. வண்டியை எடுத்தால் விழுப்புரத்துப் பெரிய கடைகள் கொஞ்ச நேரத் தூரம்தான். வீட்டு வாசலுக்கே பொருள் கொண்டுவரும் செயலிகள் வேறு. ரொக்கம் கையில் இருக்கும் மாதத்தில் அங்கே போய்விட்டு, இல்லாத மாதத்தில் மட்டும் பற்று நோட்டைத் தேடி வந்தால் எந்தக் கடையும் நிற்காது.

வளவனூர்க்காரர்களிடம் கேட்பது இவ்வளவுதான். மாத மளிகையில் பாதியையாவது ஊர்க் கடைத்தெருவில் ரொக்கம் கொடுத்து வாங்குங்கள். பற்று இருந்தால், அறுவடைப் பணம் வந்ததும் முதலில் அதைத் தீருங்கள்.