பருவந்தோறும் ஒரு முகம்

திரையுலகம் நடிகையரின் இளமையைப் போற்றும் அளவுக்கு அவர்தம் முதுமையைப் போற்றுவதில்லை. நாயகன் ஐம்பது வயதிலும் நாயகனாகவே விளங்குவான். அவனோடு ஆடிப்பாடிய நாயகியோ நாற்பதை எட்டுமுன்பே ஒதுக்கப்படுவாள். பல நாடுகளிலும் காணப்படும் இவ்வழக்கத்தைத் தம் நடிப்பாற்றலால் வென்றவர் ஹங்கேரி நாட்டின் மாரி தொரோச்சிக். 1956 முதல் 2017 வரை, அறுபது ஆண்டுகளுக்கும் மேலாக, அவர் திரையில் தோன்றினார். அந்நெடும் பயணத்தில் ஒவ்வொரு பருவத்துக்கும் உரிய முகத்தோடு அவர் மக்கள்முன் நின்றார்.

1935ஆம் ஆண்டு நவம்பர் 23ஆம் நாள் ஹங்கேரியின் சிற்றூர் ஒன்றில் அவர் பிறந்தார். புடாபெஸ்ட் நகரின் நாடக, திரைப்படக் கல்லூரியில் மாணவியாய் இருந்தபொழுதே, இயக்குநர் சோல்தான் ஃபாப்ரி தம் ‘இராட்டினம்’ என்னும் படத்துக்கு அவரைத் தெரிந்தெடுத்தார். நிலத்தோடு நிலம் சேரவேண்டும் என்பதற்காகத் தந்தை ஒருவனுக்கு மணம் பேச, மகளின் உள்ளமோ வேறொருவனை நாடுகிறது. எளிய கதைதான். ஆயினும், திருவிழாத் திடலில் காதலனோடு இராட்டினத்தில் சுற்றிப் பறக்கும் அப்பெண்ணின் முகத்தில் தோன்றும் மகிழ்ச்சி, கண்டோரைக் கட்டிப்போட்டது. 1956இல் கான் திரைப்பட விழாவில் அப்படம் காட்டப்பட்டபோது அவருக்கு இருபது வயது. காதலனாக நடித்த இம்ரெ ஷோஷ் பெரும்புகழுக்கு உரியவர் எனக் கருதப்பட்டவர். அவரோ மறு ஆண்டே, இருபத்தேழாம் வயதில் மறைந்தார். அந்தப் புகழின் சுமையை மாரி மட்டுமே நெடுந்தொலைவு சுமக்க நேர்ந்தது.

ஒரு வெற்றிக்குப்பின் அதே வேடத்தை மீண்டும் மீண்டும் ஏற்பது எளிது. அவர் அவ்வாறு செய்யவில்லை. 1958இல் ‘இனிய அன்னா’ படத்தில், இழிவுகளை வாய்திறவாது பொறுத்துப் பொறுத்து, இறுதியில் தன் எசமானரையே கொன்றுவிடும் பணிப்பெண்ணாக வந்தார். அவ்வாண்டே கல்லூரிப் படிப்பை முடித்துத் தேசிய நாடக அரங்கில் சேர்ந்தார். ‘பால் தெருச் சிறுவர்கள்’ படத்தில், நோயில் மடியும் சிறுவனின் தாயாக நடித்தபோது அவர் முப்பதைச் சற்றே தாண்டியிருந்தார்.

அவருடைய நடிப்பின் ஆழத்தை 1971இல் வெளிவந்த ‘அன்பு’ என்னும் படம் உலகுக்குக் காட்டியது. காரோய் மாக் இயக்கிய அப்படம் எழுத்தாளர் திபோர் தேரியின் கதைகளைத் தழுவியது. 1956ஆம் ஆண்டுப் புரட்சிக்குப்பின் சிறைவாசம் கண்டவர் தேரி. படத்தில் கணவன் அரசியல் கைதியாய்ச் சிறையில் வாடுகிறான். படுக்கையில் கிடக்கும் அவனுடைய தாய் அதனை அறிந்தால் தாங்கமாட்டாள் என அஞ்சிய மருமகள், மகன் அமெரிக்காவில் திரைப்படம் எடுப்பதாகப் பொய்க் கடிதங்கள் புனைகிறாள். வேலையையும் இழந்து வறுமையில் உழலும் அவள், தான் எழுதிய பொய்களையே மாமியார் பெருமையோடு சொல்லக்கேட்டு முகம் மலரவேண்டும். எரிச்சலும் பரிவும் ஏக்கமும் ஒருசேர அந்த ஒரு முகத்தில் வந்துபோவதைக் காண்பது அரிய பாடம். மாமியாராக நடித்த முதுபெரும் நடிகை லிலி தார்வாஷுக்கும் மாரிக்கும் கான் விழாவில் சிறப்புப் பாராட்டு வழங்கப்பட்டது.

1974இல் மிக்லோஷ் யாஞ்சோவின் படத்தில், தந்தையின் கொலைக்கு நீதி கேட்கும் கிரேக்கக் கதைமகள் எலெக்ட்ராவாக வந்தார். அடுத்து வந்ததே அவருடைய வாழ்வின் திருப்பம் எனலாம். கணவர் ஜூலா மார் 1975இல் இயக்கிய படத்தில், தேரினே என்னும் நடிகையாக அவர் நடித்தார். தேரினே வரலாற்றில் வாழ்ந்தவர் (1793–1872). தலைநகரின் மேடைகளில் செருமானிய மொழி கோலோச்சிய காலத்தில், ஊர் ஊராகச் சென்று தாய்மொழியில் பாடி நடித்தவர். இளமை கழிந்துவிட்டது, இனி மேடையைத் துறந்து பிரிந்த கணவனின் இல்லத்தில் அமைதி தேடுவதா, அன்றி மேடையிலேயே தொடர்வதா என அவர் தவிக்கும் வேளையைப் படம் காட்டுகிறது. நாற்பதைத் தொட்ட நடிகை ஒருவர், முதுமையை அஞ்சும் நடிகையாக நடிப்பதற்கு எத்துணைத் துணிவு வேண்டும்! 1976இல் கான் விழாவின் சிறந்த நடிகைக்கான விருதை, பிரஞ்சு நடிகை தொமினிக் சாந்தாவோடு அவர் பகிர்ந்துகொண்டார். எந்த வயதை நடிகையர் மறைக்க விரும்புவரோ, அந்த வயதே அவருக்கு உலகப் புகழைத் தந்தது.

அதன்பின்னும் அவர் ஓயவில்லை. தாய்நாட்டின் உயர்ந்த கொஷூத் விருதை 1973, 1999 ஆகிய ஆண்டுகளில் இருமுறை பெற்றார். 2008இல் கடும் நோயுற்று நினைவிழந்து கிடந்து, மீண்டெழுந்து மறுபடியும் மேடையேறினார். 2017இல் மார்தா மேசாரோஷ் இயக்கிய ‘வடதிசை ஒளி’ படத்தில், தன் கடந்த காலத்தை மகளிடம் நெடுங்காலம் மறைத்த மூதாட்டியாக வந்தபோது அவருக்கு வயது எண்பதைத் தாண்டியிருந்தது. முன்பு ‘அன்பு’ படத்தில் ஒரு மூதாட்டியிடம் உண்மையை மறைத்த இளம் மருமகள், இப்பொழுது தாமே உண்மையை மறைத்த மூதாட்டியாகப் படுக்கையில் கிடந்தார். இவ்விரு முகங்களுக்கும் இடையே ஒரு வாழ்நாளின் உழைப்பு இருக்கிறது.

2021ஆம் ஆண்டு ஏப்பிரல் 16ஆம் நாள், எண்பத்தைந்தாம் வயதில் அவர் மறைந்தார்.

இளமையில் கிட்டும் புகழ் பெரும்பாலும் இயற்கை தரும் கொடை. அதனையே பற்றிக்கொண்டு நிற்பவர், அது நீங்கும்போது வெறுங்கையராவர். இராட்டினத்தில் பறந்த பெண் அதிலிருந்து இறங்கத் தயங்கவில்லை. இறங்கியபின் நடக்கவேண்டிய வழி நெடியது என்பதை அவர் அறிந்திருந்தார். அவ்வழியில் முதுமையையும் கற்கவேண்டிய ஒரு கலையாகவே கொண்டார். மேடையில் நிற்போர்க்கு மட்டுமன்றி, ஆண்டுதோறும் புதிய மாணவர்முன் மூத்த முகத்தோடு நிற்கும் ஆசிரியர்க்கும் அவ்வாழ்க்கையில் கற்கத்தக்கது உண்டு.