வாதாபி திரும்பி வராத மலை

திருவனந்தபுரத்திலிருந்து விதுர வழியாகச் சுமார் 60 கி.மீ. கடைசிப் பகுதி முழுக்கக் காடு. வளைந்து வளைந்து ஏறும் பாதை ஒரு தேயிலைத் தோட்டத்தில் போய் முடிகிறது. அதுதான் போனக்காடு. வெள்ளைக்காரர் காலத்துத் தோட்டம். இன்று தொழிற்சாலை ஓடவில்லை, இயந்திரங்கள் துருப்பிடித்துவிட்டன. கொழுந்து கிள்ளாமல் விட்ட தேயிலைச் செடிகள் மரமாக வளர்ந்து நிற்கின்றன. நிமிர்ந்து பார்த்தால் அகத்தியர்கூடம், 1,868 மீட்டர் உயரம். தமிழர்களுக்கு அது பொதிகை. மறுபக்கச் சரிவில்தான் தாமிரபரணி பிறக்கிறது.

இங்கே வருபவர்கள் இரண்டு ரகம். ஒரு ரகம், வனத்துறையின் அனுமதிச் சீட்டோடு சிகரம் ஏறுபவர்கள். முதல் நாள் இரவு அதிருமலை முகாமில் தங்கல். மறுநாள் உச்சியில் அகத்தியர் சிலை முன் கும்பிடு. பெண்களுக்கு இருந்த தடையை 2018இல் கேரள உயர் நீதிமன்றம் நீக்கியது. காணிக்காரப் பழங்குடியினரின் எதிர்ப்பையும் மீறி 2019 ஜனவரியில் பெண்களும் ஏறினார்கள். இன்னொரு ரகம் பேய் பார்க்க வருபவர்கள். பாழடைந்த துரை பங்களாவில் ஒரு வெள்ளைக்காரச் சிறுமியின் ஆவி உலவுகிறது என்பது ஊர் தாண்டிப் பரவிவிட்ட கதை.

தமிழர்களுக்கு அகத்தியர் என்றால் இலக்கணம், சித்த மருத்துவம், கமண்டலம். அவர் அரக்கனை ஒழித்தவர் என்பது இரண்டாம்பட்சம்தான். குழந்தைக்குச் சோறூட்டி வயிற்றைத் தடவி 'வாதாபி ஜீரணம்' சொல்லும் பாட்டிகளுக்குத்தான் அது முதல்பட்சம். வில்வலன், வாதாபி இருவரும் அண்ணன் தம்பி. தம்பி ஆடாக மாறுவான். அண்ணன் அதைச் சமைத்து விருந்தாளிக்குப் போடுவான். சாப்பிட்டு முடிந்ததும் தம்பியைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவான். விருந்தாளியின் வயிறு கிழியும். அகத்தியர் சாப்பிட்டார், ஜீரணித்தார். வில்வலன் கூப்பிட்டான். வாதாபி வரவில்லை.

கிரேக்கர்களின் வீரர்களுக்கு இந்த ஜீரண சக்தி வாய்க்கவில்லை. ஹெராக்ளீஸ் பல தலை நாகமான ஹைட்ராவைக் கொன்று, அதன் நஞ்சில் தன் அம்புகளைத் தோய்த்துக்கொண்டான். மனைவியிடம் தகாதபடி நடந்த நெஸ்ஸஸ் என்ற குதிரை மனிதனை அதே அம்பால் வீழ்த்தினான். சாகும் நெஸ்ஸஸ், தன் ரத்தம் வசிய மருந்து என்று அவளிடம் சொல்லிவிட்டுப் போனான். பல வருடம் கழித்து அவள் அதைக் கணவனின் அங்கியில் தடவ, அவன் உடல் வெந்தது. சோஃபக்ளீஸின் நாடகம் இந்தக் கதைதான். யூரிப்பிடீஸ் இன்னும் கொடுமைக்காரர். அவருடைய ஹெராக்ளீஸ் சாகசங்களை முடித்து வீடு திரும்பிய கையோடு, பித்துப் பிடித்துத் தன் மனைவி மக்களையே கொல்கிறான். ஸ்ஃபிங்ஸின் புதிருக்கு விடை சொல்லி ஊரைக் காத்த ஈடிபஸ்தான் பின்னர் அந்த ஊரைப் பிடித்த கொள்ளைநோய்க்குக் காரணமாகிறான். ஏதென்ஸ் நாடக மேடையில் கொன்ற பூதம் ஏதாவது ஒரு வழியில் வெளியே வந்துவிடும்.

அகத்தியர் மட்டும் எப்படித் தப்பினார்? பதில் மகாபாரத வன பர்வத்தில் இருக்கலாம். அவர் அரக்கனைத் தேடிப் போகவில்லை. பொருள் தேடித்தான் போனார். மனைவி லோபாமுத்திரை அரண்மனையில் வளர்ந்தவள், வசதி கேட்டாள். முனிவர் மூன்று அரசர்களிடம் போனார். ஒவ்வொருவரும் வரவு செலவுக் கணக்கைக் காட்டினார்கள். இரண்டும் சரியாக இருந்தது. அதில் கைவைத்தால் குடிமக்கள் வாடுவார்கள் என்று அவர் எதையும் வாங்கவில்லை. அதன் பிறகுதான் கொழுத்த செல்வம் வைத்திருந்த வில்வலனின் வீட்டுக்கு விருந்தாளியாகப் போனார். வால்மீகியில் வில்வலன் முனிவரின் பார்வையிலேயே எரிந்து போகிறான். பாரதத்திலோ பொன்னையும் பசுக்களையும் கொடுக்கிறான். எந்த வாளும் உருவப்படவில்லை. முதலில் கணக்குப் பார்த்தவர், யாருடைய வயிற்றில் அடிக்கக் கூடாது என்பதைத் தெரிந்துகொண்டவர் என்பதுதான் இந்த வீரரின் விசேஷம்.

அந்தக் கணக்கு அவருடைய மலையடிவாரத்தில் இன்னும் நேராகவில்லை. தோட்டம் நொடித்தபோது கூலி நின்றது. பணிக்கொடை பாக்கி விழுந்தது. தலைமுறை தலைமுறையாகக் கொழுந்து பறித்த குடும்பங்கள் பல வெளியேறிவிட்டன. போக இடமில்லாதவர்கள் ஒழுகும் லயங்களிலேயே தங்கிவிட்டார்கள். பேய் பார்க்க வரும் இளைஞர்கள் இந்த லயங்களைத் தாண்டித்தான் பங்களாவுக்குப் போகிறார்கள். வெள்ளைக்காரச் சிறுமியின் கதை அவர்களுக்கு வரி வரியாகத் தெரியும். லயத்தில் எத்தனை பேருக்கு எவ்வளவு பாக்கி என்பது தெரியாது, கேட்பதும் அபூர்வம்.